ஒரு வளவும் ஓர் அடுப்பும்: கூட்டுவாழ்வின் அறம் பற்றிய சில சிந்தனைகள்

மனிதர் பலர் ஒரே கூரையின் கீழ் வாழ்வது புதுமையன்று. குடும்பம், மடம், மாணவர் விடுதி, படைவீடு, சிறை என்பன யாவும் பலர் கூடி வாழும் இடங்களே. ஆயின் இரத்த உறவாலோ, வறுமையாலோ, பிறர் ஆணையாலோ அன்றி, நடைமுறையிலுள்ள வாழ்க்கைமுறை தமக்கு ஏற்றதன்று என்று கருதி, வேறொரு முறையில் வாழ்ந்து பார்க்கும் துணிவோடு சிலர் தம் உழைப்பையும் வருவாயையும் ஒன்றாக்கி ஒரு வீட்டில் வாழ முற்படுவது இவற்றினின்றும் வேறானது. அத்தகைய இல்லத்தை ஈண்டுக் கூட்டில்லம் எனக் குறிக்கலாம். கூடி வாழ்தல் மனிதனை அறவழியில் உயர்த்துகின்றதா, அன்றிப் பழைய ஏற்றத்தாழ்வுகளுக்குப் புதிய பெயர் சூட்டுவதோடு நின்றுவிடுகின்றதா என்பதே இக்கட்டுரை ஆராய விரும்பும் வினா.

இவ்வினா எனக்கு நூலகத்தில் எழுந்ததன்று. பண்டத்தரிப்பில் எங்கள் குடும்பத்திற்குரிய பழைய நாற்சார் வீடு ஒன்று உண்டு. உரித்தாளர் பலர், அவருட் பெரும்பாலோர் கடல் கடந்து வாழ்கின்றனர். ஆண்டின் பெரும்பகுதியும் அவ்வீடு பூட்டியே கிடக்கின்றது. அண்மையில் எனக்கு மருமகன் முறையான இளைஞன் ஒருவன், தன் நண்பர் அறுவருடன் அவ்வீட்டிற் குடியேற அனுமதி கேட்டான். எழுவரும், அவருள் மூவர் பெண்கள், ஒரே அடுப்பிற் சமைத்து, வருவாயை ஒரே பெட்டியில் இட்டு, வளவிலே தோட்டஞ் செய்து வாழ எண்ணியிருப்பதாகக் கூறினான். “வாங்குவதும் எறிவதுமே வாழ்க்கை என்று ஆகிவிட்டது, மாமா. வேறு வழி இருக்கிறதா என்று வாழ்ந்துதான் பார்க்க வேண்டும்” என்றான். உரித்தாளருட் சிலர் ஊர்வாய்க்கு அஞ்சி உடனே மறுத்தனர். வேறு சிலர், தாம் அங்கே வாழப் போவதில்லை என்ற துணிவினாற்போலும், மிகவும் பாராட்டினர். இரு சாராரும் என் சொல்லுக்குக் காத்திருந்தனர். அவனுக்கு அளிக்க வேண்டிய விடையைத் தேடியதன் பயனே இக்கட்டுரை.

குடும்ப உறவில்லாதோர் ஒரே வளவிற் கூடி வாழ்வது பண்டத்தரிப்புக்கு இதுவே முதன்முறையன்று. 1816இல் யாழ்ப்பாணத்திற் பணி தொடங்கிய அமெரிக்க மிஷன், 1820இல் பண்டத்தரிப்பைத் தன் நிலையங்களுள் ஒன்றாக்கியது. மருத்துவ மிஷனரியாகிய ஜோன் ஸ்கடர் தம் மனைவியுடன் அங்கே குடியேறினார். வேலூர் மருத்துவமனையைத் தோற்றுவித்த அய்டா ஸ்கடர் அவருடைய பேர்த்தியாவார். தெல்லிப்பழை, வட்டுக்கோட்டை, உடுவில், பண்டத்தரிப்பு, மானிப்பாய் ஆகிய ஐந்து நிலையங்களிலும் மிஷனரிமார் உள்ளூர்ச் சிறுவர் சிறுமியரைத் தம் வளவுகளிலேயே தங்கவைத்து, உணவும் உடையும் கல்வியும் அளித்தனர். வகுப்பறையிற் கற்பிப்பது மட்டும் போதாது. பிள்ளைகளின் நாள் முழுவதையும், அவர்கள் எழுவது, உண்பது, வழிபடுவது, உறங்குவது யாவற்றையும் ஒரு புதிய ஒழுங்கிற்குள் கொண்டுவர வேண்டும் என்பதே அவர்களது கருத்தாகும். மாற்று வாழ்க்கைமுறை ஒன்றை நாடிய கூட்டில்லமாகவே அதனைக் கொள்ளலாம்; ஆயின் அம்மாற்றை நாடியோர் பெரியோர், அதிற் சேர்க்கப்பட்டோர் பிள்ளைகள்.

இவ்வில்லங்களின் வரலாற்றில் இரு செய்திகள் என் சிந்தனையைத் தூண்டின. ஒன்று, அப்பிள்ளைகள் பலருக்கு அமெரிக்க நன்கொடையாளரின் பெயர்கள் சூட்டப்பட்டமை. எங்கோ கடலுக்கு அப்பால் இருந்த ஒருவர் ஆண்டுதோறும் ஒரு சிறு தொகை அனுப்ப, ஈழத்துச் சிறுவன் ஒருவன் அவர் பெயரைச் சுமந்தான். மற்றையது, தொடக்க காலத்திற் பிள்ளைகள் மிஷன் வளவினுள் சமைத்த உணவை உண்ண மறுத்தமையால், அவர்களுக்கு வேறிடத்திற் சமையலுக்கு ஏற்பாடு செய்ய வேண்டியிருந்தமை. கிறித்தவரின் அடுப்பிற் சமைத்ததை உண்டால் சாதி கெடும் என்ற அச்சமே அதற்குக் காரணம்.

முதற் செய்தியில் குறை மிஷனரிமாருடையது. ஒருவனுக்கு வீடு கொடுத்துவிட்டு அவன் பெயரை எடுத்துக்கொள்வது கொடையாகாது. இரண்டாவதில் குறை நம்மவருடையது. கல்வியைக் கையேந்திப் பெற்றுக்கொண்ட நாம், அதனைத் தந்த கையால் ஆக்கிய சோற்றை மட்டும் தீட்டென்றோம். எனினும் இரு சாராரையும் எள்ளி நகையாடுவதால் நமக்குப் பயனில்லை. இங்கே அறியத்தக்க உண்மை ஒன்றுண்டு. கருத்துகளை மனிதர் எளிதிற் பங்கிட்டுக்கொள்வர். அடுப்பைப் பங்கிட்டுக்கொள்ளவே தயங்குவர். ஆகவே ஒரு கூட்டில்லத்தின் மெய்ம்மையை அறிய விரும்புவோர் அதன் கொள்கை அறிக்கையைப் படித்தலினும் அதன் குசினிக்குட் சென்று பார்த்தலே நன்று.

அக்குசினியிலிருந்தே எங்கள் பழைய வீட்டையும் நோக்க வேண்டும். மரபுவழிக் கூட்டுக் குடும்பத்தைப் பொன்னுலகமாகப் போற்றுவோர் இன்றும் உளர். நானும் நெடுநாள் அங்ஙனமே எண்ணியிருந்தேன். நடுவே முற்றம், சுற்றிலும் விறாந்தை, பெரியப்பன்மாரும் மாமிமாரும் அவர்தம் பிள்ளைகளுமாய் ஒரே பந்தியில் அமர்ந்து உண்ட இராப்போசனம், மழைக்காலத்தில் ஒரே பானையைச் சுற்றியிருந்து பலாவிலையைக் கோலிக் குடித்த ஒடியற் கூழ் என்பனவெல்லாம் என் நினைவில் இனிமையாகவே உள்ளன. ஆயின் அந்நினைவைச் சற்று ஊன்றிப் பார்க்கும்போது, பந்தியில் அமராத ஒருவரும் அங்கே தோன்றுகின்றார். இளமையிலே கைம்மை எய்தி எங்கள் வீட்டிற்கு வந்து சேர்ந்த சின்னம்மா ஒருவர் இருந்தார். விடியுமுன் முற்றங் கூட்டுபவரும் அவரே. இரவிற் கடைசிச் சட்டியைக் கழுவுபவரும் அவரே. அவர் உண்பதை நான் கண்டதாக நினைவில்லை. எல்லாரும் ஒன்றாக உண்டோம் என்று நான் பெருமையோடு சொல்லிவந்த அந்த ‘எல்லாரும்’ என்ற சொல்லினுள் அவர் இருக்கவில்லை. எங்கள் ஒற்றுமை அவர் உழைப்பின் மேற் கட்டப்பட்டிருந்தது. அவ்வுழைப்புக்கு அன்பு என்று பெயரிட்டிருந்தோம்.

வீட்டுக்கு வெளியேயும் அவ்வாறே. எங்கள் வளவுக் கிணறு ஒரு பங்குக் கிணறு. உறுதியிலே இன்னாருக்கு இத்தனை பங்கு என எழுதப்பட்டிருக்கும். முறை வைத்துத் தோட்டத்துக்கு நீர் இறைப்பர். யாழ்ப்பாணத்து மண்ணில் ஆறில்லை; கிணறே வாழ்வு. அந்நீரைச் சண்டையின்றிப் பங்கிட்டுக்கொள்ள நம் முன்னோர் வகுத்த ஒழுங்கு வியக்கத்தக்கதே. ஆயின் அக்கிணற்றைச் சுற்றித் தோட்டங்களிற் பாடுபட்ட கூலியாட்களுக்கு அதில் அள்ளும் உரிமை இருந்ததில்லை. குடத்தோடு வேலிக்கு அப்பால் நின்று, யாரேனும் வந்து வார்க்கும்வரை அவர் காத்திருந்தனர். குடிக்கக் கேட்டால் சிரட்டையில் வார்க்கப்பட்டது. பங்கு என்ற சொல் எத்துணை நுட்பமாகக் கணக்கிடப்பட்டதோ, அத்துணை நுட்பமாகப் பங்கில்லாதோரும் கணக்கிடப்பட்டிருந்தனர்.

ஆகவே பழைய கூட்டுவாழ்வுக்குத் திரும்புதல் என்பது விடையாகாது. இளைஞர் நாடுவது பழைமைக்குத் திரும்புதலன்று, உறவின்றியும் ஒன்றாதல். அதற்கு நம்மிடையே அறியப்பட்ட சிறந்த எடுத்துக்காட்டு, தமிழரும் பெரும்பங்கு கொண்ட டோல்ஸ்டோய் பண்ணையாகும். தென்னாபிரிக்காவிற் சத்தியாக்கிரகப் போராட்டத்திற் சிறை சென்றோரின் குடும்பங்களைக் காக்கும் பொருட்டு, ஹெர்மன் கல்லன்பாக் என்ற கட்டடக் கலைஞர் 1910இல் 1,100 ஏக்கர் நிலத்தைக் காந்தியடிகளின் பயன்பாட்டிற்கு அளித்தார். ஜொகனஸ்பேர்க் நகரிலிருந்து 21 மைல் தொலைவிலிருந்த அப்பண்ணையில் இந்துக்களும் முஸ்லிம்களும் கிறித்தவரும் பார்சிகளும், குசராத்தியும் தமிழும் தெலுங்கும் இந்தியும் பேசுவோரும் ஒன்றாக வாழ்ந்தனர். வேலைக்காரர் என ஒருவரும் அங்கில்லை. சமையல் ஒன்று, பந்தி ஒன்று. தத்தம் கலங்களைத் தாமே கழுவினர். பொதுப் பாத்திரங்களை முறை வைத்துத் துலக்கினர். கழிவகற்றும் வேலையையும் தாமே செய்தனர். சொந்த அலுவலாக நகருக்குச் செல்வோர் நடந்தே செல்ல வேண்டும் என்பது விதி.

அப்பண்ணையிற் புலால் உண்ணும் வழக்கமுடையோர் பலர் இருந்தனர். ஒரே அடுப்பு என்றால் எவ்வடுப்பு என்ற கேள்வி அங்கும் எழுந்தது. காந்தியடிகள் தம் கொள்கையை ஆணையாக விதிக்கவில்லை. கணவரும் மக்களும் சிறையில் இருக்க அங்கு வந்து தங்கிய பெண்களிடம், புலால் வேண்டுமென்றால் தடையின்றி அளிக்கப்படும் என்ற உறுதியோடு கேட்டார்; அவர்கள் இசைந்த பின்னரே பண்ணை மரக்கறிச் சமையலுக்கு மாறிற்று. கொள்கை ஒன்றாயினும், கேட்டுப் பெறுவதற்கும் இட்டு நிரப்புவதற்கும் உள்ள வேறுபாடு இங்கே புலனாகின்றது.

எனினும் கேட்டுப் பெறுதல் என்பது அத்துணை எளிதன்று என்பதையும் அவர் வாழ்வே காட்டுகின்றது. 1898இல் டர்பனில் அவருடைய இல்லத்திற் குமாஸ்தாமார் சிலர் குடும்பத்தினர் போலத் தங்கியிருந்தனர். அறைகளிலே வைக்கப்பட்ட சிறுநீர்க் கலங்களை வீட்டார் அகற்றுவது வழக்கம். பஞ்சமப் பெற்றோருக்குப் பிறந்த கிறித்தவர் ஒருவரின் கலத்தை எடுக்கக் கஸ்தூரிபாய் தயங்கினார். பின்னர் அழுதுகொண்டே எடுத்தார். எடுத்தாற் போதாது, முகமலர்ச்சியோடு எடுக்க வேண்டும் என்று காந்தி சினந்தார்; சினம் முற்றி, மனைவியின் கையைப் பற்றி வாயில் வரை இழுத்துச் சென்றார். தம் வரலாற்றில் இதனை அவரே வெட்கத்தோடு எழுதியுள்ளார். அங்கே கொள்கை காந்தியின் பக்கம் இருந்தது, அதில் ஐயமில்லை. ஆனால் அக்கொள்கையைச் சுமந்த கை கஸ்தூரிபாயுடையது. சமத்துவத்தை நிலைநாட்ட விரும்பிய ஒருவர், தம் வீட்டிலேயே சமமல்லாத ஒருவரைக் கொண்டு அதனை நிலைநாட்ட முயன்றார். அந்நிய நாட்டில் வாயிலுக்கு வெளியே தள்ளப்படும் ஒரு பெண் எங்கே போவாள்? வெளியேற வழியில்லாத ஒருவரின் இசைவு இசைவாகுமா? கூட்டில்லம் அமைக்க முனைவோர் இவ்வினாவைத் தவிர்த்தல் ஆகாது.

சேரன்மாதேவிக் குருகுலத்தின் வரலாறு இன்னொரு சிக்கலைக் காட்டுகின்றது. வ. வே. சு. ஐயர் 1922இல் தொடங்கிய அக்குருகுலம், தமிழையும் தொழிலையும் நாட்டுப்பற்றையும் ஒருங்கே வளர்க்கும் புதிய வாழ்வின் நாற்றங்காலாகக் கருதப்பட்டது. மாணவர் யாவரும் ஒன்றாக வாழ்ந்தனர். ஆயின் பிராமணச் சிறுவர் இருவரைப் பெற்றோரின் வேண்டுகோளுக்கு இணங்கித் தனியே உண்ண வைத்தனர். இரு சிறுவர்தானே என்று தோன்றலாம். அச்சிறு விலக்கு 1924, 1925ஆம் ஆண்டுகளில் தமிழகக் காங்கிரசையே உலுக்கியது. வரதராஜுலு நாயுடுவும் ஈ. வெ. இராமசாமியும் அதனை வன்மையாகக் கண்டித்தனர். 1925 யூனில் ஐயர் பாபநாசம் அருவியில், நீரில் வீழ்ந்த தம் மகளைக் காக்க முயன்று உயிர்நீத்தார். குருகுலமும் நிலைக்கவில்லை.

ஐயர் சாதிவெறியர் அல்லர். தாம் எல்லாரோடும் உண்ணத் தயங்காதவர். பெற்றோருக்குக் கொடுத்த வாக்கைக் காத்தல் அறம் என்று எண்ணியிருப்பார். மனச்சான்றின் பேரில் ஒருவர் விலகி இருக்க விரும்பினால் அவரை வற்புறுத்தலாமா என்பது இன்றும் நேர்மையான வினாவே. நோயாளிக்குத் தனியுணவு கொடுக்கின்றோம். நோன்பிருப்பவருக்கு நேரம் மாற்றுகின்றோம். அவ்வாறிருக்க இதுமட்டும் ஏன் குற்றமாயிற்று? எனக்குத் தோன்றும் விடை இது: நோயாளி தனியே உண்பது மற்றவரைப் பற்றி எதையும் கூறுவதில்லை. பிராமணச் சிறுவன் தனியே உண்பதோ, அடுத்த அறையில் உண்ணும் ஒவ்வொரு சிறுவனையும் பற்றி ஒரு தீர்ப்பை நாள்தோறும் மும்முறை கூறுகின்றது. தன்னைப் பற்றிய விலக்கு வேறு. பிறரைத் தாழ்த்தும் விலக்கு வேறு. முன்னதற்குக் கூட்டில்லம் இடங்கொடுத்தே ஆகவேண்டும். பின்னதற்கு இடங்கொடுத்தால் அது கூட்டில்லமே ஆகாது.

யாழ்ப்பாணமும் இப்பாடத்தை எளிதிற் கற்கவில்லை. 1920களில் யாழ்ப்பாண வாலிபர் காங்கிரசார் சாதிவேற்றுமைக்கு எதிராகக் குரல் எழுப்பினர். அப்பத்தாண்டின் இறுதியில் உதவி நன்கொடை பெறும் பாடசாலைகளிற் சமஆசனம் வற்புறுத்தப்பட்டபோது கடும் எதிர்ப்பு மூண்டது. சில பாடசாலைகள் தீக்கிரையாயின. ஒரே வாங்கில் அமர்வதற்கே இவ்வளவு எதிர்ப்பென்றால், ஒரே அடுப்பைப் பற்றிக் கூற வேண்டியதில்லை.

கூட்டுவாழ்வுக்கு எதிராகச் சாதிப்பற்று இல்லாதோரும் கூறும் தடையொன்றுண்டு. பிளேட்டோ தம் நன்னாட்டின் காவலருக்குத் தனியுடைமையின்றிப் பொதுப்பந்தியை விதித்தார். அவர் மாணவராகிய அரிஸ்டோட்டில் அதனை மறுத்து, மிகப் பலருக்குப் பொதுவானது மிகக் குறைந்த கவனத்தையே பெறும் என்றார். பொதுக் கிணற்றின் துலாக்கயிறு அறுந்தால் அதனை மாற்றுபவர் யார் என்று நம்மூரார் கேட்கும் கேள்வியும் அதுவே. மேல்நாட்டு வரலாறும் இத்தடைக்குச் சான்று பகர்வது போலத் தோன்றும். மிஷனரிமாரை நம்மிடம் அனுப்பிய அதே நியூ இங்கிலாந்துப் பகுதியிலே 1841இல் அறிஞர் பலர் கூடி அமைத்த புரூக் பண்ணை, கடனும் தீயும் தாக்க 1847இற் கலைந்தது. 1910இல் பலஸ்தீனத்தில் தொடங்கிய டெகானியா என்ற முதற் கிபுட்ஸ், ஏறத்தாழ ஒரு நூற்றாண்டு சமஊதியம் பேணியபின் 2007இல் வேறுபட்ட ஊதியமுறைக்கு மாறிற்று. பிள்ளைகளைப் பெற்றோரிடமிருந்து பிரித்துத் தனி இல்லங்களில் உறங்கவைத்த கிபுட்ஸ்களும் இருபதாம் நூற்றாண்டு முடியுமுன் அவ்வழக்கத்தைக் கைவிட்டன. பெண்கள் வயலில் ஆண்களோடு சமமாக உழைப்பர் என்ற கனவோடு தொடங்கிய அவ்வூர்களிலும், காலப்போக்கிற் குசினியும் சலவையும் குழந்தை பராமரிப்பும் பெரும்பாலும் பெண்களிடமே வந்து சேர்ந்தன.

ஆயின் அரிஸ்டோட்டிலின் கூற்று ஓர் உண்மையைக் காட்டி இன்னோர் உண்மையை மறைக்கின்றது. பொதுவானதை ஒருவரும் கவனிப்பதில்லை என்பது எங்கள் வீட்டுக்குப் பொருந்தாது. அங்கே பொதுவானவை யாவும் நன்றாகவே கவனிக்கப்பட்டன, கவனித்தவர் சின்னம்மா. பொதுப்பொருள் பாழாவது ஓர் இடர்; அது பாழாகாமல் ஒருவர் வாயின்றிக் காப்பது அதனினும் பெரிய இடர். முன்னதை யாவரும் காண்பர், பின்னதைக் காண்பாரில்லை. கூட்டில்லம் ஒன்று ஒழுங்காக நடப்பதைக் கண்டால் நாம் மகிழுமுன், அவ்வொழுங்கு யார் முதுகின்மேல் நிற்கின்றது எனக் கேட்டல் வேண்டும்.

இதுவரை பிறரைப் பற்றியே பேசினேன். இனி என்னைப் பற்றியும் ஒன்று கூறியாக வேண்டும். 1995 ஒக்டோபர் 30ஆம் நாள் வலிகாமம் முழுவதும் பெயர்ந்தபோது, இலட்சக்கணக்கானோருள் ஒருவராக நாங்களும் பண்டத்தரிப்பை விட்டுத் தென்மராட்சியை அடைந்தோம். முன்பின் அறியாத ஒருவர் தம் வீட்டைத் திறந்துவிட்டார். ஒரு வீடு, ஒரு கிணறு, ஒரு மலசலகூடம், குடும்பங்கள் ஒன்பது. முதற் கிழமையில் முற்றத்திலே ஒன்பது அடுப்புகள் எரிந்தன. விறகு அருகவே பெண்கள் தாமாகவே பேசி, அடுப்புகளை ஒன்றாக்கினர். அரிசியை ஒரே சாக்கிற் கொட்டினோம். ஆசிரியரும் கடைக்காரரும் கமக்காரரும் மலசலகூடத்தை முறை வைத்துக் கழுவினோம். உடைமைகளை இழந்த நாங்கள் உறவை அடைந்துவிட்டோம் என்று அந்நாட்களில் நான் நெகிழ்ந்து எழுதியதுமுண்டு.

ஆயின் அடுப்புகள் ஒன்பதும் ஒன்றாகவில்லை, எட்டே ஒன்றாயின. ஒன்பதாவது குடும்பம் நம் சமூகம் தாழ்த்திவைத்த ஒரு பகுதியைச் சேர்ந்தது. வேலியோரத்துப் பூவரசின் கீழ் அவர்கள் தனியே சமைத்தனர். அதுவே அவர்களுக்கு வசதி என்று சொல்லப்பட்டது. சொன்னவருள் நானும் ஒருவன். அவர்களை யாரும் ஏசவில்லை, தடுக்கவுமில்லை. அழைக்கவில்லை, அவ்வளவே. மழை பெய்த ஓர் இரவில் அவர்களது அடுப்பு நனைந்து அணைந்தது. அவ்வீட்டுத் தாய் எங்கள் தாழ்வாரத்தின் ஓரத்தில் வந்து நின்று, பிள்ளைக்குக் கொஞ்சம் சுடுதண்ணீர் கேட்டார். கொடுத்தோம். கொடுத்தபோது உள்ளே வரும்படி யாரும் சொல்லவில்லை. 1820களில் மிஷன் வளவுக்கு வெளியே எரிந்த அடுப்பையும், சேரன்மாதேவியில் எரிந்த இரண்டாம் அடுப்பையும் பற்றி எழுதும் தகுதி எனக்கு இருப்பதாயின், அது மூன்றாம் அடுப்பொன்றை நான் கண்ணாற் கண்டு வாய்திறவாது இருந்தமையாற் கிட்டிய தகுதியே.

இடர் மனிதரை ஒன்றாக்கும் என்பர். ஓரளவு உண்மையே. ஆனால் இடர் ஒன்றாக்குவது, முன்பே ஒன்றாகத் தகுந்தவர் என்று நாம் கருதியவரை மட்டுமே. அதற்கப்பால் ஒன்றாவதற்கு இடர் போதாது; எண்ணித் துணிதல் வேண்டும். விதியாற் கூடிய இல்லத்திற்கும் விருப்பாற் கூடிய இல்லத்திற்கும் உள்ள வேறுபாடு இங்கேதான் உள்ளது. முன்னதில் நாம் யாரையும் தெரிந்தெடுப்பதில்லை என்று எண்ணிக்கொள்கின்றோம்; உண்மையில் தெரிந்தெடுத்துக்கொண்டே இருக்கின்றோம். பின்னதில் தெரிந்தெடுக்கின்றோம் என்பதை ஒப்புக்கொள்வதால், யாரைத் தெரிந்தோம், யாரை விட்டோம் என்ற கேள்விக்கு விடை கூறும் பொறுப்பும் நம்மைச் சார்கின்றது. கூட்டில்லத்தின் சிறப்பு அதன் அன்பில் அன்று, இப்பொறுப்பிலேயே உள்ளது.

விருப்பாற் கூடி நிலைத்த இல்லத்திற்கு எடுத்துக்காட்டுத் தேடித் தொலைதூரம் செல்ல வேண்டியதில்லை. பண்டத்தரிப்பிலிருந்து சில மைல் தென்கிழக்கே மருதனார்மடத்தில் 1939இல் சேவக் செல்வரெத்தினம் அவர்களால் நிறுவப்பட்ட கிறிஸ்த சேவா ஆச்சிரமம் உள்ளது. தமிழகத்தின் திருப்பத்தூரில் 1921இல் ஜேசுதாசன், பேற்றன் என்ற இரு மருத்துவர் நிறுவிய கிறிஸ்துகுல ஆச்சிரமத்தின் வழிவந்த இயக்கத்தைச் சேர்ந்தது அது. திருப்பத்தூரில் அவ்விருவரும் பெரியண்ணன், சின்னண்ணன் என அழைக்கப்பட்டனர். ஒருவர் தமிழர், மற்றவர் ஸ்கொட்லாந்தியர். வெள்ளையர் ஆண்ட காலத்தில் ஒரு வெள்ளையர் தமிழர் ஒருவருக்குத் தம்பியாயினார் என்பது சிறிய செய்தியன்று. பண்டத்தரிப்பின் பழைய மிஷன் இல்லத்திற் பிள்ளைகளுக்குப் பெயரிட்டோர் பெரியோர். இங்கோ பெரியோர் தம்மையே மறுபெயரிட்டுக்கொண்டனர். வலியவர் முதலில் தம் பெயரை மாற்றிக்கொள்ளும் இடத்திலேயே கூட்டுவாழ்வு வேர்கொள்கின்றது எனலாம். ஆயினும் துறவும் இறைபக்தியும் அத்தகைய இல்லங்களின் தூண்கள். துறவாத இளைஞருக்கு, மணமும் மக்களும் வேண்டுவோருக்கு, அத்தூண்கள் இல்லை. அவற்றுக்கு ஈடாக அவர்கள் எதனை வைத்துள்ளனர் என்பது நியாயமான கேள்வியே.

அவ்விடத்தில் நம் மண்ணின் வழக்கொன்று துணைசெய்யும். 1707இல் ஒல்லாந்தர் தொகுத்த தேசவழமையின்படி, பொதுக்காணியிற் பங்குடைய ஒருவர் தம் பங்கைப் பிறர்க்கு விற்க விரும்பினால், முதலில் உடன்பங்காளருக்கு அறிவித்தல் வேண்டும். போகும் உரிமை உண்டு. ஆனால் சொல்லிவிட்டே போகவேண்டும். இருப்போருக்கும் போவோருக்கும் இடையே இதனினும் நேர்மையான ஒழுங்கை நான் அறியேன். அதே தேசவழமை, மணமான பெண் கணவனின் எழுத்துமூல இசைவின்றித் தன் அசையா ஆதனத்தை விற்க இடந்தருவதில்லை. ஒரே நூலில் முன்னோரின் அறிவும் குருடும் அருகருகே உள்ளன. முன்னதை எடுத்துப் பின்னதை விடுவதே பின்வந்தோர் கடன். கூட்டில்லத்தில் வாழும் ஒவ்வொருவரும், சிறப்பாக ஒவ்வொரு பெண்ணும், தம் பங்கோடும் மானத்தோடும் வெளியேற முடியுமானால் மட்டுமே, அவர் அங்கே இருப்பது இசைவால் என்று கூறலாம். திறக்கக்கூடிய கதவே உள்ளிருப்போரின் அன்புக்குச் சான்று.

இவற்றை எல்லாம் எண்ணிய பின் அவ்விளைஞனை அழைத்துப் பேசினேன். அவர்களது கொள்கையை நான் கேட்கவில்லை. மூன்று கேள்விகளே கேட்டேன். பெரிய பானையை யார் கழுவுவது? ஒருவர் இடையிற் போக விரும்பினால் எதனோடு போவார்? உங்கள் எழுவரில் இல்லாதவர் யார்? முதலாவதற்கு அவன் சட்டைப்பையிலிருந்து முறைப்பட்டியல் ஒன்றை எடுத்துக் காட்டினான். ஆண் பெண் என்ற வேறுபாடின்றி ஏழு பெயரும் அதில் இருந்தன. இரண்டாவதற்கு, அதனை இன்னும் எண்ணவில்லை, எழுதித் தருகின்றோம் என்றான். மூன்றாவதற்கு நெடுநேரம் பேசாதிருந்தான். பின்னர், “நாங்கள் எல்லாரும் ஒரே பள்ளிக்கூடத்துப் பிள்ளைகள், மாமா” என்றான். அவன் கூறாமல் விட்டது எனக்கு விளங்கிற்று. நான் விளங்கிக்கொண்டேன் என்பது அவனுக்கும் விளங்கிற்று.

வீட்டைக் கொடுக்கலாம் என்று மற்றை உரித்தாளருக்கு எழுதினேன். ஒரு நிபந்தனை மட்டும் விதித்தேன். கிணற்றடிக்குச் செல்லும் வழியிலே, அயலார் குடத்தோடு காத்துநின்ற இடத்தில் இன்றும் ஒரு படலை உண்டு. உள்ளிருந்தே திறக்கக் கூடியது. அதனைக் கழற்றிவிட வேண்டும் என்றேன். வெளிநாட்டில் வாழும் என் தமையனார், படலை பழையது, அம்மா காலத்தது, இருந்துவிட்டுப் போகட்டுமே என்று எழுதினார். அவர் கருத்தில் வன்மமில்லை. ஆயினும் இம்முறை நான் வாய்திறவாதிருக்க விரும்பவில்லை.

அவர்கள் வெற்றி பெறுவர் என்று நான் கூறவில்லை. டோல்ஸ்டோய் பண்ணையே சில ஆண்டுகளிற் கலைந்தது. ஓர் இல்லம் நெடுநாள் நிலைப்பதே அதன் வெற்றியாயின், எங்கள் நாற்சார் வீடே வெற்றியின் சிகரம். அது சின்னம்மாவைத் தின்று நூறாண்டு நின்றது. ஐந்தாண்டு நிலைத்தாலும், அவ்வைந்தாண்டில் ஒருவரும் மற்றொருவரின் உழைப்பை அன்பென்று அழைத்து உண்ணாமலும், ஒருவரும் வேலியோரத்திற் காத்துநில்லாமலும் வாழ்ந்தாரெனின், அவர் அறிந்த ஒன்றை நாம் அறியாமற் போனோம் என்பதை ஒப்புக்கொள்ள நான் ஆயத்தமாயிருக்கின்றேன். சென்ற மாதம் அங்கே சென்றிருந்தேன். படலை கழற்றப்பட்டுச் சுவரோரம் சாத்தப்பட்டிருந்தது. அடுப்பில் உலை கொதித்தது. பந்தியில் எனக்கும் ஓர் இடம் இருந்தது. உண்டு முடித்ததும் என் கலத்தை நானே கழுவினேன். என் வயதில் அந்த வீட்டில் அதுவே முதன்முறை.